கயிறு இழுத்த கேமரா: சான் பிரான்சிஸ்கோ நாட்குறிப்பு

வியாழன், ஃப்ரீமாண்ட்

மைல்ஸ் சகோதரர்கள் எடுத்த ‘எ ட்ரிப் டவுன் மார்க்கெட் ஸ்ட்ரீட்’ படத்தைப் பழைய படப் பிரியர்கள் யாரும் விட்டுவைத்திருக்க மாட்டார்கள். 1906ல், சான் பிரான்சிஸ்கோவின் மார்க்கெட் தெருத் தண்டவாளத்தில் ஓடிய கேபிள் கார் ஒன்றின் முன்பக்கத்தில் கேமராவை வைத்து, எட்டாம் தெருப் பக்கம் ஆரம்பித்து கடற்கரையோரம் இருக்கும் ஃபெர்ரி கட்டிடம் வரைக்கும் எடுத்தார்கள். சுமார் 13 நிமிடம். கதை கிடையாது, கதாநாயகன் கிடையாது. தெரு நம்மை நோக்கி வந்துகொண்டே இருக்கும். குதிரை வண்டி, சைக்கிள், பேப்பர் விற்கிற பையன்கள், நீளப் பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு தண்டவாளம் தாண்டுகிற பெண்கள்.

இதைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லாம் ஒரே பல்லவியைத்தான் பாடுவார்கள்: இன்னும் சில நாளில் பூகம்பம் வரப்போகிறது, பாவம், இவர்களுக்குத் தெரியாது! ஏப்ரல் 18 விடிகாலை 5.12க்கு பூமி ஆடியது. அதன்பிறகு மூன்று நாள் தீ. செத்தவர்கள் 3,000 பேருக்கு மேல் இருக்கும் என்பது இன்றைய கணக்கு. ஊரில் இருந்த நாலு லட்சம் பேரில் பாதிக்கு மேல் வீடிழந்தார்கள். துயரம்தான், மறுக்கவில்லை. ஆனால் கோயமுத்தூரில் கல்யாண வீடியோ எடுத்தே தலை நரைத்தவன் நான். எனக்கு இந்தப் படத்தில் உறுத்துவது வேறு விஷயம். கையால் சுற்றுகிற கேமரா. கருங்கல் பாவிய தெரு. அதில் படம் எப்படி இவ்வளவு வழுக்கிக்கொண்டு போகிறது? இன்றைக்குக் கிம்பலும் (கேமரா ஆடாமல் பிடிக்கிற கருவி) கையுமாக மண்டபத்தில் திரிகிற பையன்களுக்கே மாப்பிள்ளை அழைப்பு ஷாட் இப்படி வருவதில்லை.

சான் பிரான்சிஸ்கோவுக்குப் பக்கத்து ஊரான ஃப்ரீமாண்டில், தம்பி மகன் வீட்டு டிவியில் மறுபடி போட்டுப் பார்த்தோம். கலர் பூசி, கம்ப்யூட்டரில் ஆட்டத்தைச் சரிசெய்த பதிப்புகள் நிறையக் கிடைக்கின்றன. அதெல்லாம் வேண்டாம் என்று கீறல் விழுந்த கறுப்பு வெள்ளைப் பிரதியையே தேடிப் போடச் சொன்னேன். அதிலும் அதே வழுக்கல்தான்.

“பெரியப்பா, அந்தக் காரைப் பாருங்க. இப்பத்தானே முந்திப் போச்சு? திரும்ப வருது!”

நன்றாகக் கவனித்தான். ஒரு மோட்டார் கார் கேபிள் காரை முந்துகிறது, குறுக்கே வெட்டித் திரும்புகிறது, சற்று நேரத்தில் மறுபடி பின்னாலிருந்து வருகிறது. இப்படிச் சுற்றிச் சுற்றி வருவது ஒரே கார் மட்டுமில்லை, பல கார்கள். அன்றைக்கு மோட்டார் கார் என்பது பணக்காரர் வீட்டுப் பொருள். தெருவில் அத்தனை கார் ஓடுகிற மாதிரி காட்ட, கையில் கிடைத்த சிலதையே ரவுண்டு விட்டிருக்கிறார்கள். நாற்பது ஜூனியர் ஆர்ட்டிஸ்டை வைத்து மாநாட்டுக் கூட்டம் காட்டிய ஊர்க்காரர்களான நமக்கு இதில் அதிர்ச்சி ஒன்றும் இல்லை. ‘அப்படியே பதிவான நிஜம்’ என்று இந்தப் படத்தைக் கொண்டாடுகிறவர்கள்தான் கொஞ்சம் நிதானிக்க வேண்டும்.

வெள்ளி, மார்க்கெட் தெரு

ஃப்ரீமாண்டில் பார்ட் ரயில் ஏறினால் நேராக மார்க்கெட் தெருவுக்கு அடியிலேயே கொண்டுபோய் விடுகிறது. சிவிக் சென்டரில் இறங்கி மேலே வந்தேன்.

மைல்ஸ் சகோதரர்களின் ஸ்டூடியோ முகவரி மார்க்கெட் தெரு 1139. ஏழாம், எட்டாம் தெருக்களுக்கு நடுவே. படம் ஆரம்பிக்கிற இடமும் ஏறக்குறைய அதுதான். வாசலை விட்டு இறங்கியதும் ஷூட்டிங். லொக்கேஷன் செலவு மிச்சம். தீயில் அந்த ஸ்டூடியோ போய்விட்டது. இன்றைக்கு அந்தப் பகுதி பாதி கதவு சாத்திய கடைகளும், நடைபாதையிலேயே வாழ்கிற மனிதர்களுமாக இருக்கிறது. போனை வெளியே எடுக்கக் கொஞ்சம் யோசனையாகத்தான் இருந்தது.

தெருவின் கிடக்கை நின்று பார்த்தால்தான் புரிகிறது. மார்க்கெட் தெரு தென்மேற்கிலிருந்து வடகிழக்காக ஓடுகிறது. கேமரா பார்த்தது வடகிழக்கே. மதியத்துக்கு மேல் எடுத்தால் வெயில் கேமராவுக்கு முதுகுப் பக்கமிருந்து வந்து, எதிரே வருகிறவர்களின் முகத்தில் நேராக விழும். படத்தில் தொப்பிக்குக் கீழேகூட முகங்கள் தெளிவாகத் தெரிவது அதனால்தான். காலையில் எடுத்திருந்தால் எல்லாரும் நிழலுருவமாகப் போயிருப்பார்கள். ஹாரி மைல்ஸ் விவரமான ஆள்.

அங்கிருந்து எஃப் லைன் டிராம். 1995 முதல் இந்தத் தெருவில் பழைய டிராம்களையே தேடிப்பிடித்து ஓட்டுகிறார்கள். பாதி வண்டிகளுக்கு அமெரிக்காவின் வெவ்வேறு ஊர் டிராம்களின் வர்ணம் அடித்திருக்கிறார்கள். இத்தாலியின் மிலானிலிருந்து வந்த 1928ஆம் வருஷத்து வண்டிகளும் உண்டு. எனக்கு வந்தது மிலான் வண்டி. மரப் பெஞ்சு, பித்தளைக் கைப்பிடி, ஜன்னலோரம் இத்தாலிய எழுத்தில் எச்சரிக்கை. டிரைவருக்குப் பின்னால் இருக்கிற இடத்தைப் பிடித்து, போனை நெஞ்சோடு வைத்து எடுத்துக்கொண்டே போனேன்.

பவல் தெரு முனையில் ஃபிளட் கட்டிடம். 1904ல் கட்டியது, படத்திலும் இருக்கிறது, இன்றும் இருக்கிறது. மூன்றாம் தெரு முனையில் அன்றைக்கு ‘கால்’ பத்திரிகையின் உயரமான கோபுரம், தலையில் கும்மட்டத்தோடு நின்றது. பூகம்பத்தையும் தீயையும் தாங்கிய கட்டிடம்தான், ஆனால் 1938ல் கும்மட்டத்தை எடுத்துவிட்டு மொட்டையடித்து ஆபீஸ் கட்டிடமாக்கிவிட்டார்கள். தெரியாதவர் கண்ணில் படவே படாது. எதிரே லோட்டா நீரூற்று, 1875ல் வைத்தது. ஒவ்வொரு ஏப்ரல் 18 விடியலிலும் இதன் முன்னால்தான் ஊர் கூடுகிறது. பேலஸ் ஓட்டல் தீயில் போய், 1909ல் அதே இடத்தில் புதிதாக எழும்பியது.

தெருமுடிவில் ஃபெர்ரி கட்டிடம். 1898ல் திறந்தது, கோபுரம் 245 அடி. பாலங்கள் வருவதற்கு முன்னால் வளைகுடாவின் அக்கரையிலிருந்து வருகிற எல்லாருக்கும் இதுதான் ஊரின் தலைவாசல். படம் முழுக்க நடு ஃபிரேமில் சின்னதாக ஆரம்பித்துப் பெரிதாகிக்கொண்டே வருவது இந்தக் கோபுரம்தான். தெருமுனையில் இப்படி ஒன்று நின்றிருக்காவிட்டால் 13 நிமிடமும் கண் எங்கே நிற்பது என்று தெரியாமல் அலைந்திருக்கும்.

இறங்கி, எடுத்ததைப் போட்டுப் பார்த்தேன். குலுக்கல். ஒவ்வொரு ஸ்டாப்பிலும் வண்டி முன்னுக்குக் குத்துகிறது, கிளம்பும்போது பின்னுக்கு இழுக்கிறது. மோட்டார் வேகம் பிடிக்கிற ஒவ்வொரு தடவையும் பெஞ்சு அதிர்கிறது. நல்ல டிராம்தான். கேமராவை வைத்துத் தள்ள நல்ல டிராலி இல்லை.

இன்னொன்று சொல்ல வேண்டும். 2020லிருந்து மார்க்கெட் தெருவின் இந்தப் பகுதியில் தனியார் காருக்கு அனுமதி கிடையாது. 1906ல் கார் அபூர்வமாக இருந்த தெருவில் கார் நிறைய ஓடுவதாகக் காட்டினார்கள். இன்று கார் நிறைந்த ஊரில் இந்தத் தெருவில் மட்டும் கார் வேண்டாம் என்கிறார்கள். 2025ல் ஓட்டுநர் இல்லாத வேமோ வண்டிகளுக்குக் கதவைக் கொஞ்சம் திறந்திருக்கிறார்கள். நான் நின்ற கொஞ்ச நேரத்தில் ஒரு வேமோ போனது. கூரை மேலும் பக்கவாட்டிலும் கேமராக்கள். அதுவும் மார்க்கெட் தெருவைப் படம் எடுத்துக்கொண்டேதான் போகிறது. பார்க்கத்தான் ஆள் இல்லை.

சனி, கேபிள் கார் மியூசியமும் நைல்ஸும்

வாஷிங்டன் தெருவும் மேசன் தெருவும் சேருகிற முனையில் கேபிள் கார் மியூசியம். இலவசம். மியூசியம் என்று பெயர், உள்ளே போனால் ஓடிக்கொண்டிருக்கிற மின்விசைக் கூடம். ஆளை விழுங்குகிற அளவுள்ள சக்கரங்கள் சுற்ற, அவற்றின் மேல் இரும்புக் கயிறு வழிந்து ஓடுகிறது. நாலு கயிறு. ஊரில் இன்று மிச்சமிருக்கிற மூன்று கேபிள் கார் தடங்களுக்கும் இங்கிருந்துதான் இழுவை. சத்தத்தில் பக்கத்தில் நிற்கிறவர் பேசுவது கேட்காது.

வண்டியில் மோட்டார் கிடையாது. தெருவின் நடுவே தண்டவாளங்களுக்கு இடையில் ஒரு நீளமான வெடிப்பு, அதற்குக் கீழே கயிறு மணிக்கு ஒன்பதரை மைல், அதாவது பதினைந்து கிலோமீட்டர் வேகத்தில் நாள் முழுக்க ஓடுகிறது. வண்டியை ஓட்டுகிற கிரிப்மேன் ஒரு பெரிய இடுக்கியின் லிவரை இழுத்தால் அது கயிற்றைக் கவ்வும், வண்டி நகரும். விட்டுவிட்டு பிரேக் போட்டால் நிற்கும். 1873ல் ஆண்ட்ரூ ஹாலிடி கிளே தெருவின் ஏற்றத்தில் ஓட்டிக் காட்டிய முதல் கேபிள் கார் கம்பெனியின் வண்டி ஒன்று இங்கேயே நிற்கிறது.

சக்கரங்களைப் பார்த்துக்கொண்டு நின்றபோது எனக்கு விடை கிடைத்துவிட்டது. மார்க்கெட் தெருவில் 1906ல் ஓடியதும் கயிற்று வண்டிதான். டிரைவர் காலை அழுத்துவது, தளர்த்துவது, குதிரை மிரளுவது, கியர் மாற்றுவது என்று எதுவும் இல்லை. கயிறு எங்கேயோ ஒரு கூடத்தில் ஒரே வேகத்தில் சுற்றிக்கொண்டிருக்கிறது, வண்டி அதைப் பிடித்துக்கொண்டு போகிறது. கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்றுச் சுற்றினால் பதினாறு ஃபிரேம். சுற்றுகிற கையும் சீர், இழுக்கிற கயிறும் சீர். அந்தப் படத்தின் பாதி ஒளிப்பதிவாளர் அந்தக் கயிறு.

தெருவில் ஜனங்கள் கடைசி நொடியில் அத்தனை சாவகாசமாக விலகுவதற்கும் அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். அன்றைக்கு ஆட்களுக்குத் துணிச்சல் அதிகம் என்பார்கள். அப்படியில்லை. எதிரே வருகிற வண்டி எந்த வேகத்தில் வரும் என்று பிறந்ததிலிருந்து தெரியும். நேற்றும் அதே வேகம், நாளையும் அதே வேகம். கணக்குப் போட்டுக் குறுக்கே போனார்கள்.

இந்தக் கயிறு போன கதையும் சுவாரசியமானது. யுனைடெட் ரெயில்ரோட்ஸ் கம்பெனி, கயிற்றை எடுத்துவிட்டு மேலே கம்பி கட்டி மின்சார டிராம் விட வேண்டும் என்று நின்றது. ருடால்ஃப் ஸ்ப்ரெக்கெல்ஸ் போன்ற ஊர்ப் பெரியவர்கள், கம்பமும் கம்பியும் பிரதான தெருவை அசிங்கப்படுத்தும், மின்சாரம் வேண்டுமானால் தரைக்கு அடியில் கொண்டுபோ என்றார்கள். (நம் மதராஸில் 1895ல் ஓடத் தொடங்கிய டிராமுக்கு முதலில் அப்படித்தான் தரைக்கு அடியில் மின்சாரம் கொடுத்தார்கள். மழைத் தண்ணீர் அதற்கு ஒத்துவரவில்லை, மேலே போனது.) இழுபறி நடந்துகொண்டிருக்கும்போதே பூகம்பம். ஊர் சாம்பலாகிக் கிடந்த மே மாதத்தில் மேல்கம்பிக்கு அனுமதி கிடைத்துவிட்டது. லஞ்சம் கைமாறியது என்று பின்னால் பெரிய வழக்கு. கம்பெனித் தலைவர் பாட்ரிக் கால்ஹூன் மேல் விசாரணை நடந்து, ஜூரிகள் ஒரு முடிவுக்கு வராமல் கலைந்தார்கள். மார்க்கெட் தெருவில் கயிறு மறுபடி ஓடவில்லை.

சாயங்காலம் நைல்ஸ். ஃப்ரீமாண்டுக்குள்ளேயே இருக்கிற பழைய ரயிலடி ஊர். தோசை மாவு முதல் முருங்கைக்காய் வரை கிடைக்கிற கடைவீதிகளைத் தாண்டி இருபது நிமிடம் காரில் போனால், பழைய கௌபாய் படத்தில் வருகிற மாதிரி ஒரு தெரு. மாதிரி என்ன, அந்தப் படங்களே இங்கேதான் எடுத்தார்கள். எஸ்ஸனே என்ற சினிமா கம்பெனி இங்கே ஸ்டூடியோ வைத்திருந்தது. பிராங்க்கோ பில்லி ஆண்டர்சனின் குதிரைப் படங்கள் வாரம் தவறாமல் வெளிவந்தன. சாப்ளின் 1915ல் சில படங்கள் எடுத்துவிட்டுப் போனார். ‘தி டிராம்ப்’ அதில் ஒன்று. 1913லிருந்து நிற்கிற எடிசன் தியேட்டர்தான் இப்போது நைல்ஸ் எஸ்ஸனே மௌனப்பட மியூசியம். சனிக்கிழமை ராத்திரிகளில் பியானோ வாசிப்போடு படம் போடுகிறார்கள்.

நான் இங்கே வந்தது டேவிட் கீனுக்காக. இந்த மியூசியத்தின் வரலாற்றாளர். மார்க்கெட் தெருப் படத்துக்குத் தேதி கண்டுபிடித்தவர். அதுவரை அது 1905ல், கோடை முடிவில் எடுத்தது என்றுதான் பதிவாகியிருந்தது. கீன் தெருவைப் பார்க்கவில்லை, தெருவில் தேங்கிய தண்ணீரைப் பார்த்தார். சான் பிரான்சிஸ்கோவில் கோடையில் மழை பெய்யாது. படத்தில் தண்டவாளத்தோரம் குட்டை குட்டையாய் ஈரம். பழைய பத்திரிகைகளின் மழைக் குறிப்பைப் புரட்டினார்; 1905 கோடை வறட்சி, 1906 வசந்தத்தில் மழை. அடுத்து கார்களின் நம்பர் பிளேட். ஒரு வண்டியின் நம்பரைப் பதிவேட்டில் தேடினால் அது 1906 தொடக்கத்தில்தான் பதிவாகியிருக்கிறது. அப்புறம் நியூயார்க் தொழில் பத்திரிகையில் 1906 ஏப்ரலில் வந்த விளம்பரம். முடிச்சு அவிழ்ந்தது: பூகம்பத்துக்குச் சில நாள் முன்பு. ஏப்ரல் 14 என்று தேதியே குறித்துச் சொல்கிறவர்கள் உண்டு.

கவனித்தீர்களா, ரவுண்டு விடக் கூட்டிவந்த கார்களில் ஒன்றுதான் கடைசியில் சாட்சி சொன்னது! ஜோடனை செய்த பகுதிதான் உண்மையைக் காட்டிக்கொடுத்தது. படத்தின் நெகடிவ் பிழைத்ததும் ஒரு ராத்திரி வித்தியாசத்தில். ஏப்ரல் 17ஆம் தேதி நியூயார்க்குக்கு ரயிலேற்றிவிட்டார்கள். மறுநாள் ஸ்டூடியோ இல்லை.

படம் முடிந்து பியானோவை மூடிய பிறகு, இந்த மாதிரிப் படங்களை அன்றைக்கு எங்கே போட்டார்கள் என்று பேச்சு வந்தது. பெரும்பாலும் பொழுதுபோக்குப் பார்க்குகளில்! கேன்சஸ் சிட்டியின் தீயணைப்புத் தலைவராக இருந்த ஜார்ஜ் ஹேல், ரயில் பெட்டி மாதிரி ஒரு கொட்டகை செய்து, ஆட்களை உட்காரவைத்து, முன்னால் திரையில் ஓடுகிற ரயிலிலிருந்து எடுத்த படத்தைப் போட்டு, பெட்டியைக் குலுக்கிவிட்டு, கண்டக்டர் வேஷத்தில் ஒருவரை டிக்கெட் கிழிக்க வைத்தார். 1905ல் கேன்சஸ் சிட்டியின் எலெக்ட்ரிக் பார்க்கில் ஆரம்பித்த இந்த ‘ஹேல்ஸ் டூர்ஸ்’ ஊர் ஊராய்ப் பரவியது. டிராம் கம்பெனிகளே ஊருக்கு வெளியே பார்க் நடத்திய காலம். ஞாயிற்றுக்கிழமை டிராம் காலியாக ஓடக்கூடாது என்பது கணக்கு. நிஜ டிராமில் பார்க்குக்குப் போய், காசு கொடுத்து, போகாத டிராமில் உட்கார்ந்து வந்தார்கள். அதே 1905ல் திருச்சியில் ரயில்வே டிராஃப்ட்ஸ்மேன் சாமிக்கண்ணு வின்சென்ட், ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரை விலைக்கு வாங்கி ஊர் ஊராகக் கூடாரம் போட்டுக் காட்டக் கிளம்பினார். அவர் பின்னால் எங்கள் கோயமுத்தூரில் கட்டிய வெரைட்டி ஹாலைப் பற்றிச் சொன்னபோது பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரப் பெரியவர் நோட்டை எடுத்துப் பெயரை எழுதிக்கொண்டார்.

டிராம் படம் எடுப்பதையே தொழிலாகக் கொண்டு அலைந்தவர்களும் உண்டு. வில்லியம் ஹார்பெக் என்பவர் 1907ல் கனடாவின் வான்கூவரில் டிராமின் முன்னால் கேமராவை வைத்து ஊரைச் சுற்றி எடுத்தார். 1912ல் டைட்டானிக்கோடு போய்விட்டார்.

ஞாயிறு, கோல்டன் கேட் பார்க்

குடும்பத்தோடு வந்ததால் ஆராய்ச்சிக்கு இடமில்லை. இட்லிப் பொடி தடவிய இட்லியை மர நிழலில் சாப்பிட்டோம். வீடிழந்தவர்கள் 1906ல் கூடாரம் அடித்துத் தங்கியது இந்த மாதிரிப் பார்க்குகளில்தான். அப்புறம் பார்க்குகளிலேயே சின்னச் சின்ன மர வீடுகள், 5,600க்கு மேல் கட்டிக்கொடுத்தார்கள்.

லாய்டு ஏரிக்கரையில் தனியாக ஒரு பளிங்கு முகப்பு நிற்கிறது. ஆறு தூண், பின்னால் வீடு இல்லை. நாப் ஹில்லில் ஒரு பணக்காரர் மாளிகையின் வாசல்; தீ மிச்சம் வைத்தது அதைத்தான். 1909ல் இங்கே கொண்டுவந்து நட்டார்கள். தம்பி பேத்தி தூணுக்குத் தூண் ஓடிப்பிடித்து விளையாடினாள். வாத்துகள் இட்லிப் பொடியைத் தொடவில்லை.

பூகம்பத்துக்குப் பிறகும் மைல்ஸ் சகோதரர்கள் அதே மார்க்கெட் தெருவைப் படம் எடுத்தார்கள். அந்த இடிபாட்டுப் படத்தின் ஒன்பது நிமிடச் சுருள் ஒன்று பழைய சாமான் சந்தையில் ஒருவர் கையில் சிக்கி, நைல்ஸ்காரர்களின் உதவியோடு சுத்தப்படுத்தி 2018ல் காட்டினார்கள். முன்படத்தையும் பின்படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறவர்கள் உண்டு. பார்த்தேன். முதல் படத்தில் ஓடுகிற ஆட்களை இரண்டாவதில் தேடுகிறது மனசு. கிடைக்காது.

திங்கள், கலிஃபோர்னியா தெரு

கயிறுதான் ஒளிப்பதிவாளர் என்று சொல்லிவிட்டால் போதுமா, நிரூபிக்க வேண்டாமா? நான் போனபோது கேபிள் காருக்கு ஒரு தடவை எட்டு டாலர். தம்பி மகன் கிளிப் வைத்த போன் ஸ்டாண்ட் ஒன்று வாங்கித் தந்தான். பவல் தெருவில் எப்போதும் டூரிஸ்ட் வரிசை. கலிஃபோர்னியா தெரு வண்டியில் கூட்டம் குறைவு, பக்கவாட்டில் திறந்த பெஞ்சு, கம்பத்தில் போனைக் கவ்வவைக்கலாம்.

தெரு ஏறத் தொடங்கியது. கிரிப்மேன் பெரிய உடம்புக்காரர். லிவரை இழுக்கும்போது முழு உடம்பும் பின்னால் சாய்கிறது. கயிறு கவ்வுகிற நேரம் ஒரு சின்ன உதறல். அதற்கப்புறம், சொன்னால் நம்ப மாட்டீர்கள், ஏற்றத்திலும் அதே வேகம், மேட்டின் தலையில் தெரு சமமானபோதும் அதே வேகம். பவல் தெருவைத் தாண்டும்போது கயிற்றை விடவேண்டியது பவல் வண்டிகள்தான். கலிஃபோர்னியா தடம் மூத்தது, 1878லிருந்து, அதன் கயிறு மேலாக ஓடுகிறது, விடாமலே தாண்டிப் போகலாம். அந்தச் சந்திப்பைக் கடந்த நீளத்தில் என் போனில் பதிவானதை ராத்திரி டிவியில் போட்டோம்.

“தாத்தா, இது மட்டும் ஆடவே இல்ல” என்றாள் பேத்தி. அவளிடம் நான் எதுவும் முன்கூட்டிச் சொல்லவில்லை.

செவ்வாய், லேண்ட்ஸ் எண்ட்

கடைசி வேலை இது. ஊரின் மேற்கு ஓரத்தில், பசிபிக் கடல் மோதுகிற பாறைச் சரிவில் லேண்ட்ஸ் எண்ட் பார்க். 1900களின் தொடக்கத்தில் எடிசன் கம்பெனி இந்தச் சரிவில் ஓடிய நீராவி ரயிலிலிருந்து கடலைப் பார்த்து ஒரு படம் எடுத்தது: ‘பனோரமிக் வியூ ஆஃப் த கோல்டன் கேட்’. ஊரிலிருந்து கிளிஃப் ஹவுஸ் ஓட்டலுக்கும், அடால்ஃப் சூட்ரோ கட்டிய பிரம்மாண்டக் குளியல் மண்டபத்துக்கும் ஜனங்களை ஏற்றிவந்த தடம், 1888ல் போட்டது. பின்னால் மின்சார டிராம் ஆனது. 1925ல் சரிவு இடிந்து விழுந்து, இந்தப் பகுதியில் ஓட்டம் நின்றது.

தண்டவாளத்தை எடுத்த இடத்தில்தான் இன்றைய நடைபாதை. தெரிந்து நடந்தால் ஒவ்வொரு அடியிலும் தெரியும். மலைச்சரிவில் இவ்வளவு அகலமாக, இவ்வளவு சமமாக யாரும் நடைபாதை வெட்ட மாட்டார்கள். வளைவுகூட மனிதன் திரும்புகிற வளைவு இல்லை. ரயில் திரும்புகிற நீள வளைவு. உள்பக்கம் பாறையைச் செதுக்கிய சுவர், வெளிப்பக்கம் சைப்ரஸ் மரங்களுக்கு இடையே கடல். படத்தில் இருப்பதும் இந்தப் பாறையும் இந்தக் கடலும்தான். பாலம்தான் அதில் கிடையாது, அது 1937ல் வந்தது. மரங்கள் இன்றைக்கு அதிகம். அதே படத்தை இன்று எடுத்தால் பாதி நேரம் இலைதான் தெரியும்.

ஒரு இடத்தில் சமதளப் பாதை நின்று, படிக்கட்டு ஏறச் சொல்கிறது. மூச்சு வாங்க வைக்கிற படிகள். அங்கேதான் சரிவு தடத்தைத் தின்றிருக்கிறது. ரயிலுக்கு மாற்று வழி கிடையாது, மனுஷனுக்கு உண்டு.

நடந்துகொண்டே எடுத்த வீடியோவைக் கடல்காற்றில் உட்கார்ந்து பார்த்தேன். தள்ளாடுகிறது. என் முழங்கால் வலி முழுக்க அதில் பதிவாகியிருக்கிறது. அங்கேயே அழித்துவிட்டேன். கலிஃபோர்னியா தெருத் துண்டை மட்டும் வைத்திருக்கிறேன். இன்று ராத்திரி ஏற்றிவிடுகிறேன்.

போகிறவர்களுக்கு: ஜியரி தெருவில் போகிற 38ஆம் நம்பர் பஸ், லேண்ட்ஸ் எண்டுக்குப் பக்கத்திலேயே இறக்கிவிடும், போர்டைப் பார்த்து ஏறுங்கள், எல்லா 38ம் கடைசி வரை போவதில்லை. மேற்கே சூட்ரோ குளியல் மண்டபத்தின் இடிபாட்டுப் பக்கமிருந்து கிழக்கே நடங்கள். படிக்கட்டு பிற்பகுதியில்தான் வரும், முழங்கால் சரியில்லாதவர்கள் அதற்கு முன்பே திரும்பிவிடலாம். பாதையின் நல்ல பகுதி அதற்குள் முடிந்துவிடும்.